புத்தக அலமாரி கேள்வி-பதில்: ஒன்று மதம், இன்னொன்று திசை

போன இதழில் ஒரு மாணவி, "'இஸ்லாமும் மேற்கும்' என்ற தலைப்பில் ஆய்வேடு எழுதப் போகிறேன், எங்கிருந்து தொடங்கலாம்?" என்று கேட்டிருந்தார். "தலைப்பை மாற்றுவதிலிருந்து" என்று ஒரே வரியில் பதில் எழுதினேன். குறும்பாக எழுதியதுதான். ஆனால் வந்த கடிதங்களைப் பார்த்தால் பலருக்குக் கோபம், சிலருக்கு ஆர்வம். அதனால் இந்த முறை இடம் முழுவதும் இதற்கே. சமையல் புத்தகமும் பிள்ளைகளுக்கு அகராதியும் கேட்டவர்கள் அடுத்த இதழ் வரை பொறுத்துக்கொள்ள வேண்டும்.

தலைப்பில் என்ன கோளாறு, அம்மா? என் வழிகாட்டி ஒப்புக்கொண்ட தலைப்பு அது.
- அதே மாணவி, வாணியம்பாடி

கோபித்துக்கொள்ளாதே கண்ணு. ஒன்று மதம், இன்னொன்று திசை. 'புளியோதரையும் வடகிழக்கும்' என்று ஒருவர் தலைப்பு வைத்தால் சிரிப்போம். இதற்கு மட்டும் சிரிப்பு வருவதில்லை, பழகிவிட்டது. 'இஸ்லாமும் கிறிஸ்தவமும்' என்றால் புரிகிறது. 'பிரான்சும் அல்ஜீரியாவும்' என்றால் 1830-ல் படையெடுப்பு, 1962-ல் விடுதலை, நடுவில் நடந்தது என்ன என்று தேடலாம். 'இஸ்லாமும் மேற்கும்' என்னும்போது என்ன ஆகிறது? ஒரு பக்கம் நாடு, மொழி, தொழில், காலம் எதுவும் இல்லாமல் மதம் மட்டுமே உள்ள மனிதர்கள். மறுபக்கம் கப்பலும் பல்கலைக்கழகமும் நாடாளுமன்றமும் எல்லாம் உண்டு, மதம் மட்டும் இல்லாததுபோல ஒரு நிலம். ஐரோப்பாவிலேயே உள்ள சரயேவோவில் தலைமுறை தலைமுறையாக இருக்கும் முஸ்லிம் எந்தப் பக்கம்? கெய்ரோவின் காப்டிக் கிறிஸ்தவர் எந்தப் பக்கம்?

இது எனக்கு வகுப்பில் புரிந்ததில்லை. திருச்சியில் ஒரு கல்லூரி நூலகத்தில் முப்பத்து மூன்று வருடம் வேலை பார்த்தேன். சேர்ந்த புதிதில் எனக்குக் கொடுத்த வேலை புத்தக முதுகில் வெள்ளை மையால் எண் எழுதுவது. 1876-ல் அமெரிக்காவில் மெல்வில் டூயி போட்ட தசமப் பகுப்பு. அதில் 200 என்றால் மதம். 220 பைபிள். 230-லிருந்து 280 வரை கிறிஸ்தவம். உலகத்தில் மிச்சமுள்ள அத்தனை மதங்களும் 290-க்குள். இந்து, பௌத்தம், சமணம் எல்லாம் 294, யூதம் 296, இஸ்லாம் 297. பத்து வீடுள்ள தெருவில் ஏழு வீடு ஒரே குடும்பத்துக்கு. ஊரில் மற்ற எல்லாரும் கடைசி வீட்டில் ஒண்டுக்குடித்தனம். இஸ்லாமிய வரலாற்றுப் புத்தகம் ஒன்று புதிதாக வந்தால் 297-க்குப் பின்னால் புள்ளி வைத்துப் புள்ளி வைத்து, எண் முதுகில் அடங்காமல் அட்டைக்குத் திரும்பும்.

நம் சீர்காழிக்காரர் எஸ்.ஆர். ரங்கநாதன் 1933-ல் தன் கோலன் பகுப்பு முறையை வெளியிட்டார். அங்கே மதத்துக்கு 'க்யூ' என்ற எழுத்து. இந்து மதம் முதலில், கிறிஸ்தவம் ஆறாவது, இஸ்லாம் ஏழாவது. பட்டியல் போடுகிறவர் தன் வீட்டை முதலில் எழுதிவிட்டார், அவ்வளவுதான். ஒருவருக்கும் கெட்ட எண்ணம் இருந்ததாக நான் நினைக்கவில்லை. ஆனால் அந்த எண்ணைப் பார்த்துப் புத்தகம் தேடும் பிள்ளைக்கு உலகம் அந்த வரிசையில்தான் கண்ணில் படுகிறது.

தலைப்பைச் சுருக்கு. ஓர் ஊர், ஒரு காலம், ஒரு விவகாரம். 1798-ல் கெய்ரோ என்று வைத்துக்கொண்டாலே மூன்று வருடத்துக்குச் சாப்பாடு இருக்கிறது. ஏன் என்று கீழே சொல்கிறேன்.

எட்வர்ட் செய்த் எழுதிய 'ஓரியண்டலிசம்' புத்தகத்தை முப்பது பக்கத்தில் கைவிட்டேன். எல்லாரும் மேற்கோள் காட்டுகிறார்களே, அதில் அப்படி என்னதான் இருக்கிறது?
- வங்கி ஊழியர், தஞ்சாவூர்

மேற்கோள் காட்டுகிறவர்களில் எத்தனை பேர் முப்பது பக்கம் தாண்டியவர்கள் என்று இரவல் அட்டையைப் பார்த்தவளுக்குத் தெரியும். வெட்கப்படாதீர்கள்.

செய்த் 1935-ல் ஜெருசலேமில் பிறந்த பாலஸ்தீனக் கிறிஸ்தவர். நியூயார்க்கில் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியம் நடத்தினார். புத்தகம் வந்தது 1978-ல். தமிழில் இந்தச் சொல்லைச் சிலர் 'கீழைத்தேயவியல்' என்கிறார்கள், சிலர் 'கீழைத்தேயவாதம்' என்கிறார்கள். ஒன்று படிப்பு, இன்னொன்று கொள்கை. அந்த இரண்டையும் பிரிக்க முடியாமல் கலந்து கிடக்கிறது என்பதுதான் செய்த்தின் வாதமே. பிரிட்டனும் பிரான்சும் அரபு நாடுகளைப் பற்றிச் சேர்த்த அறிவும், அந்த நாடுகளை ஆண்ட அதிகாரமும் ஒன்றுக்கொன்று தீனி போட்டு வளர்ந்தன என்கிறார். கிழக்கு என்றால் மாறாதது, சோம்பலானது, உணர்ச்சிவசப்படுவது, பேசத் தெரியாதது. அதனால் அதற்காகப் பேச ஒருவர் வேண்டும், ஆள ஒருவர் வேண்டும். கவிதை, பயண நூல், இலக்கணம், அரசு அறிக்கை எல்லாவற்றிலும் இதே சித்திரம் திரும்பத் திரும்ப வருகிறது என்று காட்டினார்.

உங்களுக்கு முப்பது பக்கம் கஷ்டம் என்றால், அட்டையை மட்டும் அரைமணி நேரம் பாருங்கள். வேடிக்கையாகச் சொல்லவில்லை. எங்கள் பிரதியின் அட்டையில் ஒரு பையன் துணியில்லாமல் நின்றான். நூலக உதவியாளர் ஒருவர், நல்ல மனிதர், சங்கடப்பட்டு அதற்குப் பழுப்புத் தாள் உறை போட்டுவிட்டார். சில வருடம் கழித்துப் பைண்டிங்குக்கு அனுப்ப எடுத்தபோதுதான் நானே அதை உற்றுப் பார்த்தேன்.

பிரெஞ்சு ஓவியர் ழெரோம் 1879 வாக்கில் வரைந்த 'பாம்பாட்டி'. மூலம் அமெரிக்காவில் மாசசூசெட்ஸில் கிளார்க் கலைக்கூடத்தில் இருக்கிறது. பையன் நமக்கு முதுகு காட்டி நிற்கிறான், உடம்பைச் சுற்றி ஒரு பெரிய பாம்பு. பக்கத்தில் கிழவர் குழல் ஊதுகிறார். எதிரே சுவரோரம் ஆயுதங்களோடு ஆட்கள் சாய்ந்து உட்கார்ந்து வாய் பார்க்கிறார்கள். பின்னால் அபாரமான நீல ஓடுகள். ஒவ்வொரு ஓட்டின் பளபளப்பும் விரிசலும் புகைப்படம்போல இருக்கிறது. 'நேரில் பார்த்ததை அப்படியே வரைந்திருக்கிறார்' என்றுதான் யாருக்கும் தோன்றும்.

செய்த் உள்ளே இந்த ஓவியத்தை ஆராயவில்லை. 1983-ல் லிண்டா நாக்லின் என்ற கலை வரலாற்றாசிரியர்தான் அதைக் கையில் எடுத்தார். அந்த நீல ஓடுகள் இஸ்தான்புல்லில் தோப்காப்பி அரண்மனைச் சுவரில் உள்ளவை. சுல்தானின் அரண்மனைக்குள் பையனை நிறுத்திப் பாம்பாட்ட மாட்டார்கள். பாம்பாட்டம் துருக்கி வழக்கமும் இல்லை, அது எகிப்து பக்கம். இஸ்தான்புல் சுவர், எகிப்துப் பாம்பு, பாரிஸ் தூரிகை என்று மூன்று இடத்துச் சரக்கை ஒட்டி ஒரு 'கிழக்கு' செய்திருக்கிறார். ஓவியத்தில் இரண்டு பேர் இல்லை என்கிறார் நாக்லின். ஒருவர் ஐரோப்பியர்: பார்ப்பது அவர்தான், ஆனால் படத்தில் இல்லை. இன்னொருவர் ஓவியர்: தூரிகைத் தடமே தெரியாமல் தன்னை மறைத்துக்கொண்டார், நாம் இதை நிஜம் என்று நம்பவேண்டும் என்பதற்காக. உடைந்த ஓடுகளைக் கவனியுங்கள். பழுதுபார்க்கக்கூடத் துப்பில்லாத ஜனம் என்று ஒரு வார்த்தை சொல்லாமலே சொல்லியாகிவிட்டது.

சுவரின் உச்சியில் அரபு எழுத்து வரிசை ஒன்று ஓடுகிறது. அது குர்ஆனின் இரண்டாம் அத்தியாயம், 256-ம் வசனம்: மார்க்கத்தில் வற்புறுத்தல் இல்லை. அட்டையைக் காட்டி ஆவேசமாக வாதாடுகிற இரண்டு தரப்பிலும் அந்த மேல் வரியைப் படித்தவர் அதிகம் பேர் இருக்க மாட்டார்கள்.

செய்த் சொன்னதெல்லாம் வேதவாக்கா? ஐரோப்பிய அறிஞர்கள் எல்லாரையும் ஒரே சாட்டையால் அடித்துவிட்டார் என்கிறார்களே?
- ஓய்வுபெற்ற தாசில்தார், சேலம்

வேதவாக்கு இல்லை. அடி பலமாக விழுந்த இடங்கள் உண்டு, தப்பாக விழுந்த இடங்களும் உண்டு. பத்தொன்பதாம் நூற்றாண்டில் அரபு படிப்பில் முன்னால் நின்றவர்கள் ஜெர்மானியர்கள், அவர்களுக்கு அரபு நாட்டில் காலனி கிடையாது. செய்த் அவர்களை விட்டுவிட்டார். விட்டதை அவரே புத்தகத்தில் ஒப்புக்கொள்கிறார், ஆனால் அதனால் ஓட்டை அடைபடவில்லை. ரைஸ்கே என்று ஒரு ஜெர்மானியர், பதினெட்டாம் நூற்றாண்டுக்காரர். கையில் இருந்ததையெல்லாம் அரபு நூல்களுக்கே செலவழித்துப் பட்டினி கிடந்தவர். அவரைப் பேரரசின் ஏவலாள் என்றால் யாரும் நம்ப மாட்டார்கள். 2006-ல் ராபர்ட் இர்வின் இப்படிப்பட்ட கிறுக்கர்களையும் சாதுக்களையும் வரிசையாக நிறுத்தி ஒரு புத்தகமே எழுதி செய்த்தை வெளுத்து வாங்கினார்.

மேற்காசிய வரலாற்றாசிரியர் பெர்னார்ட் லூயிஸ் 1982-ல் ஒரு பத்திரிகையில் வேறு மாதிரி கிண்டல் செய்தார். கிரேக்க தேசபக்தர்கள் சிலர் கூடி, பழங்கிரேக்கம் படிக்கும் அயல்நாட்டுப் பேராசிரியர்கள் எல்லாரும் நம்மை அவமதிக்கிறார்கள் என்று கிளம்பினால் எப்படி இருக்கும், அதுதான் இது என்றார். நல்ல கிண்டல். ஆனால் பழங்கிரேக்கம் படித்தவர்கள் ஏதென்ஸுக்குக் கவர்னராகப் போகவில்லையே. செய்த் அதே பத்திரிகையில் பதில் எழுதினார், லூயிஸ் பதிலுக்குப் பதில் எழுதினார். படிக்க நம் ஊர்ப் பட்டிமன்றத்தைவிடச் சூடாக இருக்கும்.

எனக்கு உறைத்த விமர்சனம் சிரியாவின் சாதிக் ஜலால் அல்-அஸ்ம் 1981-ல் எழுதியது. அவர் வெளியாள் இல்லை, அரபுச் சிந்தனையாளர். 'அரபு மனம் என்று மாறாத ஒன்று உண்டு' என்று வெள்ளைக்காரன் சொன்னால் தப்பு, அதையே நாம் பெருமையாக மார்தட்டிச் சொன்னால் சரியா என்று கேட்டார். அதற்கு அவர் வைத்த பெயர் தலைகீழ் ஓரியண்டலிசம். நம் ஐஜாஸ் அகமது 1992-ல் மார்க்சியப் பக்கத்திலிருந்து இன்னொரு பெரிய விமர்சனம் எழுதினார்; அது செய்த்தைவிடக் கடினமான நடை, முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன்.

கால்டுவெல்லும் ஜி.யு. போப்பும் இல்லையென்றால் தமிழுக்கு இத்தனை பெருமை உண்டா? அவர்களும் ஓரியண்டலிஸ்டுகள்தானே?
- தமிழாசிரியர், பாளையங்கோட்டை

ஆமாம், அவர்களும்தான். செய்த் பேசியது பெரும்பாலும் அரபு உலகம் பற்றி, நம் பக்கம் அவர் அதிகம் வரவில்லை. ஆனால் கேள்வி நியாயமானது. 1856-ல் வந்த கால்டுவெல்லின் ஒப்பிலக்கணத்துக்கு நான் தலை வணங்குகிறேன். அதே கால்டுவெல் 1849-ல் திருநெல்வேலி நாடார் சமூகத்தைப் பற்றித் தாழ்வாக எழுதிய சிறு நூலை அந்தச் சமூகத்தாரிடம் கொடுத்துப் படிக்கச் சொன்னால் என்ன ஆகும்? ஆனது. பிள்ளைகள் படித்து மேலே வந்ததும் எதிர்த்தார்கள். ஒரே கை, ஒரே மேசை. இலக்கணம் எழுதும்போது மொழியைப் பார்த்தது, மற்றதை எழுதும்போது 'இந்த ஜனம் இப்படித்தான்' என்று பார்த்தது. இரண்டையும் ஒரே அலமாரியில்தான் வைத்திருந்தேன்.

'நாகரிகங்களின் மோதல்' என்பது உண்மையா, இல்லையா? ஆமாம் அல்லது இல்லை என்று சொல்லவும்.
- பொறியாளர், ஓசூர்

இல்லை. போதாதா?

சரி, கொஞ்சம் சொல்கிறேன். அந்தச் சொற்றொடரை 1990-ல் பெர்னார்ட் லூயிஸ் முஸ்லிம்களின் கோபம் பற்றிய ஒரு கட்டுரையில் எழுதினார். 1993-ல் அமெரிக்க அரசியல் அறிஞர் சாமுவேல் ஹண்டிங்டன் அதைத் தன் கட்டுரைக்குத் தலைப்பாக்கினார். தலைப்பின் முடிவில் ஒரு கேள்விக்குறி இருந்தது. 1996-ல் கட்டுரை புத்தகமானது, கேள்விக்குறி போய்விட்டது. மூன்று வருடத்தில் அதற்கு விடை கிடைத்ததாக எனக்குத் தெரியவில்லை. 2001 அக்டோபரில், நியூயார்க் கோபுரங்கள் விழுந்து ஒரு மாதத்தில், செய்த் 'அறியாமையின் மோதல்' என்று பதில் கட்டுரை எழுதினார். நாகரிகங்களைப் பூட்டிய பெட்டிகளாக நினைத்தால்தான் அவை மோத முடியும். உள்ளே எத்தனை சண்டை, வெளியே எத்தனை கொடுக்கல் வாங்கல் என்று பார்க்க ஆரம்பித்தால் பெட்டியே நிற்காது என்பது அவர் பேச்சு. நீங்கள் பொறியாளர். பூஜ்யமும் ஒன்றும் வைத்து எழுதும் நிரலுக்கு 'அல்காரிதம்' என்று சொல்கிறீர்களே, அது பாக்தாத்தில் இருந்த அல்-குவாரிஸ்மியின் பெயர் லத்தீனில் சிதைந்தது. எண்கள் இங்கிருந்து போனவை. மோதல் எந்த இடத்தில் என்று நீங்களே வரைபடம் போட்டுக் காட்டுங்கள்.

மேற்கு கிழக்கைப் பார்த்து எழுதியது பற்றியே பேசுகிறீர்கள். கிழக்கு திரும்பிப் பார்க்கவே இல்லையா?
- இல்லத்தரசி, காரைக்கால்

இந்தக் கேள்விக்காகத்தான் காத்திருந்தேன். நன்றி, அம்மா.

1798 ஜூலை. நெப்போலியன் படையோடு எகிப்தில் இறங்குகிறார். கூடவே நூற்றைம்பதுக்கு மேற்பட்ட அறிஞர்கள், அரபு எழுத்து அச்சு இயந்திரம். இறங்கியதும் மக்களுக்கு அரபியில் ஓர் அறிக்கை: நான் உங்கள் மதத்துக்கு எதிரி இல்லை, (அப்போது எகிப்தை ஆண்டுகொண்டிருந்த) மம்லூக்குகளைவிட நான் இறைவனை அதிகம் வணங்குகிறவன், நபியையும் குர்ஆனையும் மதிக்கிறவன். தேர்தல் நேரத்தில் ஊருக்கு ஏற்ற குல்லாய் போடுகிற வித்தை நம் ஆட்கள் கண்டுபிடித்தது என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

கெய்ரோவில் அப்துர் ரஹ்மான் அல்-ஜபர்த்தி என்றொரு அறிஞர் இருந்தார். நாற்பது தாண்டியவர், ஊர் நடப்பை எழுதிவைக்கும் பழக்கம் உள்ளவர். அறிக்கை கையில் கிடைத்ததும் அவர் என்ன செய்தார்? முதல் வேலையாக இலக்கணப் பிழை பார்த்தார்! வரி வரியாக எடுத்து, இந்தச் சொல் இங்கே வராது, இந்த வேற்றுமை தப்பு, இது கொச்சை, இது பொருளே தராது என்று எழுதிக்கொண்டே போகிறார். நாட்டைப் பிடித்தவனுக்கு சிவப்பு மையில் மார்க் போடுகிறார். அப்புறம் உள்ளடக்கத்துக்கு வருகிறார்: இவர்கள் இஸ்லாம், கிறிஸ்தவம், யூதம் என்ற மூன்று மதத்தோடும் ஒத்துப்போகிறார்கள், மூன்றோடும் முரண்படுகிறார்கள், ஆக எந்த மதத்திலும் இல்லை. பிரெஞ்சுப் புரட்சிக்காரர்களைப் பற்றி இதைவிடச் சுருக்கமாக யார் சொல்ல முடியும்?

இதோடு நின்றிருந்தால் கோபக்காரர் என்று விட்டுவிடலாம். அதே மனிதர் பிறகு கெய்ரோவில் பிரெஞ்சுக்காரர்கள் வைத்த நூலகத்துக்குப் போகிறார். மேசை நாற்காலி போட்டு வாசகர்கள் உட்கார்ந்திருப்பதையும், கேட்ட புத்தகத்தை எடுத்துக் கொடுக்க ஆள் இருப்பதையும், சாதாரணச் சிப்பாய்கூட வந்து அமைதியாகப் படிப்பதையும் வியந்து எழுதுகிறார். அந்தப் பத்தியை முதலில் படித்தபோது எனக்குக் கண் கலங்கியது. பகைவனின் நூலகத்தை இவ்வளவு அன்பாகப் பார்த்த ஒருவரை 'இஸ்லாம்' என்ற ஒரு சொல்லில் எப்படி அடைப்பது? அவருடைய வசையும் வியப்பும் ஒரே கையெழுத்துப் பிரதிகளில்தான் இருக்கின்றன.

இன்னொன்று, சிரிப்புக்கு. 1889, பாரிஸில் உலகக் கண்காட்சி. எகிப்தியர் சிலர் ஸ்டாக்ஹோமில் நடக்கும் கீழைத்தேய அறிஞர் மாநாட்டுக்குப் போகும் வழியில் அதைப் பார்க்கப் போனார்கள். பிரெஞ்சுக்காரர்கள் அங்கே ஒரு 'கெய்ரோ தெரு' கட்டியிருந்தார்கள். வளைந்து நெளிந்த சந்து, கூச்சல், கடை. கெய்ரோவிலிருந்து ஐம்பது கழுதைகளை, ஓட்டுகிறவர்களோடும் லாடம் அடிக்கிறவர்களோடும் இறக்கியிருந்தார்கள், சவாரிக்கு ஒரு பிராங்க். சுவரில் பூசிய வண்ணத்தைக்கூட வேண்டுமென்றே அழுக்காக்கியிருந்தார்கள் என்று வந்தவர்களில் ஒருவர் எழுதிவைத்திருக்கிறார். பள்ளிவாசல் ஒன்று தெரிந்தது, கதவைத் திறந்து உள்ளே போனார்கள். உள்ளே பள்ளிவாசல் இல்லை, காப்பிக்கடை. அங்கே பெண்கள் நடனம் ஆடிக்கொண்டிருந்தார்கள். தம் ஊரின் பொம்மைக்குள் நின்ற அந்த எகிப்தியர்கள் வெறுத்துப்போய் வெளியேறினார்கள். இந்தக் காட்சியோடுதான் டிமதி மிட்செல் 1988-ல் எகிப்தின் காலனியாதிக்கம் பற்றிய தன் நூலைத் தொடங்குகிறார். செய்த் கைகொடுக்காத வாசகர்களுக்கு நான் முதலில் எடுத்துக் கொடுத்த புத்தகம் அது.

மேற்கத்தியர் எங்கள் உடையைப் பற்றி எழுதுவதைப் படித்தால் எரிச்சல்தான் வருகிறது. எங்களைக் காப்பாற்றச் சொல்லி யார் கேட்டது?
- பள்ளி ஆசிரியை, கீழக்கரை

உங்கள் கேள்வியையே ஏறக்குறைய தலைப்பாக வைத்து மானுடவியலாளர் லைலா அபு-லுகோத் 2002-ல் ஒரு கட்டுரையும் 2013-ல் ஒரு புத்தகமும் எழுதினார்: 'முஸ்லிம் பெண்களைக் காப்பாற்ற வேண்டுமா?' ஆப்கானியப் பெண்களின் பெயரைச் சொல்லிக் குண்டு போட்ட காலம் அது. துன்பமே இல்லை என்று அவர் சொல்லவில்லை. வறுமை, போர், சட்டம், குடும்பம் என்று தனித்தனியாகப் பாருங்கள், எல்லாவற்றையும் துணியில் கட்டாதீர்கள் என்கிறார். அவர் சும்மா உட்கார்ந்து எழுதியவரும் இல்லை. 1970-களின் கடைசியில் எகிப்தின் மேற்குப் பாலைவனத்தில் அவ்லாத் அலி பெதூயின் மக்களோடு தங்கி, பெண்கள் சொல்லும் குட்டிக் குட்டிப் பாட்டுகளைச் சேகரித்தார். சபையில் கல்லாக இருக்கும் பெண், தனியே இரண்டு வரிப் பாட்டில் உருகுவாள். அங்கே முதல் தடவை போகும்போது அவருடைய அப்பா கூடவே வந்து கொண்டுபோய் விட்டாராம். படித்த பெண்ணுக்கு ஒரே வெட்கம். பிறகுதான் புரிந்தது, அப்பா வந்ததால்தான் 'நல்ல குடும்பத்துப் பிள்ளை' என்று அந்த வீட்டில் சேர்த்தார்கள். கீழக்கரையில் இதை விளக்க வேண்டியதில்லை.

பழைய கதை ஒன்றும் உண்டு. 1883 முதல் 1907 வரை எகிப்தில் பிரிட்டிஷ் அதிகாரமாக இருந்தவர் க்ரோமர் பிரபு. எகிப்து முன்னேறாததற்குப் பெண்களின் முக்காடு பெரிய தடை என்று எழுதினார். அங்கே அவர் காலத்தில்தான் அரசுப் பள்ளிக் கட்டணம் ஏறியது, பெண் பிள்ளைகளின் படிப்பும் அடிபட்டது. இங்கிலாந்துக்குத் திரும்பினார். அங்கே, பெண்களுக்கு ஓட்டுரிமை கூடாது என்று ஆண்கள் நடத்திய சங்கத்துக்குத் தலைவராக இருந்தார். இந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டியவர் கெய்ரோவில் பிறந்த லைலா அகமது, 1992-ல். இந்த ஒரு பத்திக்காகவே அந்தப் புத்தகத்தை இரண்டு பிரதி வாங்க வைத்தேன். ஒன்று திரும்பி வரவில்லை.

இந்த விஷயமாக டி.வி. விவாதங்கள் பார்ப்பீர்களா?
- வாசகர், ஈரோடு

நூலகத்தில் பேசக்கூடாது என்று முப்பத்து மூன்று வருடம் சொன்ன வாய் இது. ஒலியை அணைத்துவிட்டுப் பார்ப்பேன்.

இதெல்லாம் எகிப்து, பிரான்ஸ் கதை. தமிழுக்கு இதில் ஏதாவது உண்டா, சும்மா கேட்கிறேன்.
- பேருந்து நடத்துநர், மேலப்பாளையம்

சும்மா கேட்டாலும் சரியாகக் கேட்டிருக்கிறீர்கள்.

ஒரு கதை. மதீனாவில் யூத அறிஞர் ஒருவர், இப்னு சலாம். நபிகள் நாயகத்திடம் வந்து கேள்வி மேல் கேள்வியாகக் கேட்கிறார்: வானம் எதனால் ஆனது, பூமி எதன்மேல் நிற்கிறது, சொர்க்கத்தில் என்ன உண்டு. ஒவ்வொன்றுக்கும் பதில் கிடைக்கிறது, கடைசியில் அவர் இஸ்லாத்தை ஏற்கிறார். அரபியில் எழுந்த இந்தக் கேள்வி-பதில் நூல் இரண்டு பக்கமும் பயணம் போனது.

மேற்கே போனது முதலில். 1142-ல் பிரான்சின் க்ளூனி மடத்துத் தலைவர் பீட்டர் ஸ்பெயினுக்கு வந்தார். முஸ்லிம்களை வாதத்தில் வெல்ல வேண்டும், அதற்கு அவர்கள் நூல் வேண்டும் என்று பணம் கொடுத்து மொழிபெயர்ப்பாளர்களை அமர்த்தினார். அடுத்த வருடம், 1143-ல், கெட்டன் ஊர் ராபர்ட் குர்ஆனை லத்தீனில் முடித்தார். தலைப்பிலேயே வசை இருந்தது. ஆனால் தாமஸ் பர்மன் என்ற ஆய்வாளர் 2007-ல் அந்த மொழிபெயர்ப்பை வரி வரியாகப் பார்த்துவிட்டு வேறொன்று சொன்னார்: கடினமான சொல் வந்த இடங்களில் ராபர்ட் முஸ்லிம் விரிவுரையாளர்களின் விளக்கத்தைத் தேடி, அதையே மொழிபெயர்ப்புக்குள் சேர்த்திருக்கிறார். திட்டுவதற்காக உட்கார்ந்தவர், பொருள் தப்பக்கூடாது என்று பாடுபட்டிருக்கிறார். மொழிபெயர்ப்பு வேலை செய்கிறவர்களுக்கு இந்த நோய் தெரியும். அந்தத் தொகுப்பிலேயே கரிந்தியாவின் ஹெர்மன் என்பவர் இப்னு சலாமின் கேள்வி-பதிலையும் லத்தீனில் போட்டார். முஸ்லிம்கள் என்னென்ன விசித்திரமெல்லாம் நம்புகிறார்கள் பார் என்று காட்டுவதற்காக. நானூறு வருடம் கழித்து, 1543-ல், பாசல் நகரில் இவை அச்சானபோது அச்சிட்டவரைச் சிறையில் போட்டார்கள். மார்ட்டின் லூதர் தலையிட்டுப் பரிந்து பேசினார்.

கிழக்கே வந்த அதே நூல் தமிழில் 1572-ல் செய்யுளானது. செய்தவர் வண்ணப் பரிமளப் புலவர். பெயர் 'ஆயிர மசலா'. மசலா என்றால் அரபியில் கேள்வி, நம் கறி மசாலாவோடு சேர்த்துக் குழப்பிக்கொள்ளாதீர்கள். முழுமையாகக் கிடைத்துள்ள இஸ்லாமியத் தமிழ் இலக்கியங்களில் இதுதான் மிகப் பழையது. மலாயில் 'செரிபு மசாலா', ஜாவாவில் அந்த யூத அறிஞருக்கே 'சமுத்' என்று பெயர். ரோனித் ரிச்சி என்ற ஆய்வாளர் 2011-ல் தமிழ், மலாய், ஜாவா மொழி வடிவங்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒரு நூல் எழுதினார். ஐரோப்பாவில் எதிரியை அறிய மொழிபெயர்த்த அதே ஏட்டை, இங்கே தம் மார்க்கத்தைத் தம் மொழியில் சொல்லப் புலவர் பாட்டாக்கினார்.

எங்கள் நூலகத்துக்கு 'ஆயிர மசலா' வந்தபோது எங்கே வைப்பது என்று ஒருநாள் முழுக்க மண்டையை உடைத்துக்கொண்டேன். மதம் என்றால் 297, கடைசி வீட்டு ஒண்டுக்குடித்தனம். தமிழ் இலக்கியம் என்றால் 894.811, அதுவும் இந்தோ-ஐரோப்பிய மொழிகளெல்லாம் உட்கார்ந்த பிறகு மிஞ்சிய இடம்தான். கடைசியில் புத்தகத்தைக் கம்பராமாயணமும் சீறாப்புராணமும் இருந்த தட்டில் வைத்தேன். நூல் பட்டியலுக்கான அட்டை மட்டும் இரண்டு எழுதி, ஒன்றை 297 இழுப்பறையில் போட்டேன், 'இதையும் பார்க்க' என்று. நான் ஓய்வுபெறும்போது கணினி வந்துவிட்டது, அட்டை இழுப்பறைகளை எடைக்குப் போட்டார்கள். அந்த இரண்டாவது அட்டை இப்போது என் வீட்டுப் பஞ்சாங்கத்துக்குள் அடையாளத்துக்கு இருக்கிறது.